வெண்துணியில் விரிந்த வானம்

திரைப்படம் பார்த்து வீடு திரும்புகிறவர்கள் நடிகரைப் பேசுவர், பாட்டைப் பேசுவர். காட்சிக்கு ஒளி எங்கிருந்து வந்தது என்று வினவுவோர் அரியர். அதையே ஓயாது வினவிய ஓர் இளைஞரைப் பற்றி இங்கே எழுத விழைகிறோம். அவர் கல்கத்தாவைச் சேர்ந்த சுப்ரதா மித்ரா (1930-2001).

பிரெஞ்சு இயக்குநர் ழான் ரெனுவார் 'தி ரிவர்' படத்தை வங்காளத்தில் எடுத்தபோது மித்ரா கல்லூரி மாணவர். வேலை கேட்டார், கிடைக்கவில்லை. அருகிருந்து பார்க்க மட்டும் இசைவு பெற்றார். நாள்தோறும் அங்கே நின்று, விளக்குகள் வைக்கப்பட்ட இடங்களையும் நடிகர் நகர்ந்த வழிகளையும் குறிப்பேட்டில் வரைந்துகொண்டார். ஒளிப்பதிவாளர் க்ளாத் ரெனுவாரே ஒருநாள் ஐயம் தீர அக்குறிப்பேட்டைக் கேட்டு வாங்கிப் பார்த்தாராம். சத்யஜித் ராயின் நட்பு வாய்த்ததும் அந்நாட்களில்தான்.

1952 அக்டோபரில் 'பதேர் பாஞ்சாலி' தொடங்கியது. ராய் விளம்பர நிறுவன ஓவியர், மித்ராவோ அதுவரை திரைப்படக் கேமராவை இயக்கியதே இல்லை, வயது 22. நாணற்பூ வெளியில் முதல் நாள் படமெடுத்தனர். அடுத்த வாரம் சென்று பார்த்தால் பூக்களை மாடுகள் மேய்ந்துவிட்டிருந்தன! மறுபடியும் பூக்கும் பருவத்துக்குக் காத்திருக்க வேண்டியதாயிற்று. பணமின்றிப் பன்முறை நின்ற பணி, மேற்கு வங்க அரசின் உதவியால் 1955-இல் நிறைவுற்றது.

அவர் திறம் முழுதும் வெளிப்பட்டது அடுத்த படமாகிய 'அபராஜிதோ'வில் (1956). பகற்காட்சிக்கும் விளக்குகளை நடிகர்மேல் நேரே பாய்ச்சுவதே படக்கூடங்களின் அக்கால வழக்கம். ஒரே மனிதனுக்குச் சுவரில் இரண்டு மூன்று நிழல்கள் விழும்; அதை எவரும் பொருட்படுத்துவதில்லை. இப்படத்திலோ காசியில் ஒரு பழைய வீடு. மேலே திறந்த முற்றம். கலை இயக்குநர் பன்சி சந்திரகுப்தா மழைக்கு அஞ்சி, அவ்வீட்டைக் கல்கத்தாப் படக்கூடத்தினுள் அமைக்க விரும்பினார். வானம் தரும் நிழலற்ற ஒளியைக் கூரையின்கீழ் உண்டாக்குவது எங்ஙனம் என்று மித்ரா வாதாடினார், வாதத்தில் தோற்றார். வேறு வழியின்றி, சட்டத்தில் இறுக்கிய வெண்துணியை முற்றத்தின் மேலே வானம்போல் கட்டி, கீழிருந்து விளக்குகளை அத்துணிமேல் பாய்ச்சினார். துணியில் பட்டுத் திரும்பிய ஒளி மென்மையாக எங்கும் பரவியது. காசியில் நேரே எடுத்த காட்சிகளோடு இதுவும் இணைந்துவிட்டது. எது தெரு, எது படக்கூடம் என்று நம்மால் பிரித்தறிய இயலவில்லை. தோல்வியிலிருந்து பிறந்த இம்முறை பின்னர் அவருடைய கையொப்பமே ஆயிற்று.

'சாருலதா' (1964) முதல் ராய் தாமே கேமராவை இயக்கலானார். 'நாயக்' (1966) படத்துக்குப் பின் இருவரும் சேர்ந்து பணிபுரியவில்லை. ராய் அதன்பின்னும் நல்ல படங்கள் தந்தார், மறுப்பதற்கில்லை. ஆயினும் சாருலதாவின் தனிமைக்கு அவ்வறைகளின் ஒளி தந்த ஆழத்தைப் பிந்திய படங்களில் நாம் காணவில்லை. இழப்பு இருவருக்கும் என்றே கருதுகிறோம்.

மித்ரா சித்தார் இசைக்கவும் வல்லவர். 'பதேர் பாஞ்சாலி'யில் சில பகுதிகளை வாசித்தவர் அவரே. பின்னாளில் அவர் ஏற்ற படங்கள் சிலவே. 'நியூ டெல்லி டைம்ஸ்' (1986) அவருக்குத் தேசிய விருது பெற்றுத் தந்தது. 1997 முதல் கல்கத்தாவின் சத்யஜித் ராய் திரைப்பட நிறுவனத்தில் மாணவருக்கு ஒளிப்பதிவு கற்பித்தார்.