விருப்பாச்சியில் வைத்த உலை (பாளையத்து நாட்கள் – 9)

சென்ற வாரம் காளையார்கோவிலில் நிறுத்தியிருந்தேன். 1772 ஜூன் 25. கம்பெனிப் படையோடு கிழக்கிலிருந்து ஜோசப் ஸ்மித்தும் மேற்கிலிருந்து பாஞ்சோரும் நெருக்க, சிவகங்கை மன்னர் முத்துவடுகநாதர் களத்திலேயே விழுந்தார். அரசி வேலுநாச்சியார் மகள் வெள்ளச்சியுடன் மேற்கே புறப்பட்டார். இந்த வாரம் அவர் போய்ச் சேர்ந்த ஊருக்குப் போவோம்.

ஒட்டன்சத்திரத்திலிருந்து பழனிக்குப் பேருந்தில் போனால் இடப்பக்கம் மலை கூடவே வரும். அதன் காலடியில் இருக்கிறது விருப்பாச்சி. பெயரைக் கேட்டதும் பலருக்கு மலை வாழைப்பழம் நினைவுக்கு வரும். பஞ்சாமிர்தத்துக்குப் பிசைகிற பழம், புவிசார் குறியீடு பெற்ற பழம். நானும் அந்த ஊரை முதலில் பழத்தின் வழியாகத்தான் அறிந்தேன். பல ஆண்டுகள் கழித்தே, நாடிழந்த ஓர் அரசி எட்டு ஆண்டுகள் இந்த மலையடிவாரத்தை நம்பியிருந்தார் என்று படித்தேன். அன்றிலிருந்து ஒரு கேள்வி என்னை விடவில்லை. வரி வாங்க ஒரு கிராமம்கூட இல்லாதவர், எட்டு ஆண்டுகள் ஒரு படையை எதைக் கொண்டு கட்டிக் காத்தார்?

வீரத்தைப் பற்றி நிறைய எழுதிவிட்டோம். சோற்றைப் பற்றி எழுதியது குறைவு.

முதலில் அவரும் பிரதானி தாண்டவராய பிள்ளையும் செய்தது கடிதம் எழுதியது. 1772 டிசம்பர் 8 அன்று பிள்ளை மைசூரின் ஹைதர் அலிக்கு எழுதிய கடிதத்தில் 5000 குதிரைப்படையும் 5000 காலாட்படையும் கேட்டிருக்கிறார். களத்தில் எல்லாம் தொலைந்து ஆறு மாதம்கூட ஆகாத நிலையில் இப்படி எண்ணிக்கை போட்டுக் கேட்டவரின் தெளிவு என்னை அசைத்துவிட்டது. வெறும் அனுதாபம் கேட்காமல் படைக்கணக்கு கேட்டிருக்கிறார். அந்த உதவி வந்து சேர்வதைப் பார்க்கப் பிள்ளை உயிரோடு இல்லை. பொறுப்பு சிவகங்கைத் தளபதிகளான மருது சகோதரர்களின் தோளில் ஏறியது.

கடிதம் ஹைதருக்குப் போனதற்குக் காரணம் பக்கத்திலேயே இருந்தது. 1755-ல் திண்டுக்கல்லின் பௌஜ்தாராக வந்த ஹைதர், பிரெஞ்சுக் கைவினைஞர்களை வைத்து அங்கே ஆயுதச்சாலை நடத்தியவர். திண்டுக்கல் கோட்டை அவருடைய பழைய வீடு போல. விருப்பாச்சிப் பாளையக்காரர் கோபால நாயக்கர் அடைக்கலம் தந்தார். அடைக்கலம் என்ற சொல் எளிது. ஆற்காட்டு நவாபுக்கும் கிழக்கிந்தியக் கம்பெனிக்கும் பகையானவர்களை ஊருக்குள் வைத்திருப்பதென்றால், ஒவ்வொரு அறுவடையிலும் தன் குடிகளின் களஞ்சியத்திலிருந்து ஒரு பங்கை விருந்தாளிகளுக்கு அளக்க வேண்டும். அந்த அளப்பு எட்டு ஆண்டு நடந்தது.

பாளையத்துப் படைக்கு மாதச் சம்பளம் கிடையாது. சேவகருக்கு மானிய நிலம் உண்டு. அதை உழுது தின்பார், அழைப்பு வந்தால் வேலும் துப்பாக்கியுமாக வருவார். சிவகங்கைச் சீமையே கைவிட்டுப் போனபின் மானியம் தர நாச்சியாரிடம் நிலம் ஏது? வந்தவர்கள் நம்பிக்கையின் பேரில் வந்தார்கள். நம்பிக்கைக்கும் ஒரு வேளை கஞ்சி வேண்டும். 1780-ல் ஹைதர் ஆற்காட்டின் மேல் பெரும்படையுடன் இறங்கினார். கம்பெனியின் கவனம் முழுக்க வடக்கே திரும்பியது. அந்த நேரம் பார்த்து நாச்சியார் சிவகங்கையை மீட்டார். எட்டு ஆண்டு காத்திருந்தவருக்குக் கிடைத்த இடைவெளி அவ்வளவுதான். அந்த இடைவெளி திறந்த நாளில் படை கலையாமல் கையில் இருந்தது. அவருடைய பெரிய வெற்றியாக நான் எண்ணுவது கோட்டை மீட்பைவிட இதைத்தான்.

இருபது ஆண்டு தள்ளி வருவோம். அதே விருப்பாச்சி. ஆனால் உலகம் மாறியிருந்தது. 1792 உடன்படிக்கையில் திண்டுக்கல் சீமை கம்பெனிக்குப் போனது. 1799 மே 4 அன்று ஹைதரின் மகன் திப்பு விழுந்தார். அக்டோபர் 16 அன்று கயத்தாற்றில் கட்டபொம்மனைத் தூக்கிலிட்டார்கள். இனி கடிதம் எழுதிக் கேட்க ஒரு ஹைதர் இல்லை. கோபால நாயக்கர், மணப்பாறை லட்சுமி நாயக்கர், தேவதானப்பட்டி பூசாரி நாயக்கர் போன்றவர்களைச் சேர்த்துக் கூட்டணி கட்டினார். மருதுவோடும் கன்னட நாட்டில் குதிரைப்படையுடன் சுற்றிய தூந்தாஜி வாக்கோடும் தொடர்பு வைத்தார்.

இதை வெள்ளையருக்கும் நமக்கும் நடந்த சண்டை என்று மட்டும் சொல்லிக் கடந்துபோக எனக்கு மனம் வரவில்லை. எதிரே நின்ற சிப்பாயும் பெரும்பாலும் நம் ஊர்க்காரர். புதுக்கோட்டைத் தொண்டைமானும் எட்டயபுரமும் கம்பெனி பக்கம் நின்றன. ஒரே சந்தையில் தானியம் வாங்கியவர்கள் இரண்டு பக்கமும் நின்று சுட்டுக்கொண்டார்கள். உள்நாட்டுப் போரில் படை நடத்துபவருக்கு இதுதான் முதல் துயரம். பகைவனின் வயல் என்று தனியே ஒன்று இல்லை. இரண்டு படையும் ஒரே உழவரின் குதிரிலிருந்துதான் தின்றாக வேண்டும்.

கணக்குப் போட்டுப் பார்த்தேன். கம்பெனியின் கோயம்புத்தூர்க் கோட்டையைத் தாக்க இந்தக் கூட்டணி திட்டமிட்டது. அதற்கு மலைக்காட்டில் சுமார் 4000 பேர் திரண்டதாகச் சொல்லப்படுகிறது. ஆளுக்கு நாளைக்கு முக்கால் கிலோ தானியம் என்றால் 3000 கிலோ. ஒரு பொதிமாடு நூறு கிலோ சுமந்தால் தினம் முப்பது மாடுகள் வர வேண்டும். அடிவாரத்திலிருந்து ஏறி இறங்க நான்கு நாள் என்றால் 120 மாடுகள் ஓயாமல் நடக்க வேண்டும். மாடுகளுக்குத் தீவனம், ஓட்டுபவருக்குச் சோறு, உப்பு, மிளகாய் எல்லாம் தனி. மேல்மலையில் சாமையும் தினையும் விளையும். அது மலைக்காரர்களுக்கே வருடம் முழுக்கப் போதாது. 120 மாடுகள் நடக்கும் பாதையை எந்த ஒற்றனும் கண்டுபிடிப்பான்.

ஒளிவதற்கு இந்த மலையைப் போல் இடம் இல்லைதான். அடிவாரக் காட்டின் மலைக்காய்ச்சலுக்கு அந்நியப் படைகள் அஞ்சின. ஆனால் கொசுவுக்கு அந்நியன், உள்ளூரான் என்ற பேதம் தெரியாது.

வெடிமருந்தும் ஒரு பெரும் பாடு. வெடியுப்பை நம் மண்ணிலிருந்து காய்ச்சி எடுத்துவிடலாம், கரியும் கிடைக்கும். கந்தகம் கடல் வழியாக வர வேண்டும். துறைமுகங்கள் கம்பெனியின் கையில். திரி வைத்துச் சுடும் துப்பாக்கி மழையில் நனைந்தால் வெறும் கட்டை. ஆகவே நீண்ட ஈட்டியும் வளரியும்தான் கடைசிவரை நம்பிக்கையாக இருந்தன. பீரங்கிக்கு எதிரே அந்த ஈட்டியைப் பிடித்து நின்றவர்களை நினைத்தால் இப்போதும் எனக்குத் தொண்டை அடைக்கும்.

கோயம்புத்தூருக்கு நாள் குறித்தது நுட்பமான வேலை. 1800 ஜூன் 3, முகரம் பத்தாம் நாள். கோட்டையில் இருந்த முஸ்லிம் சிப்பாய்கள் சடங்குகளில் ஈடுபட்டிருப்பார்கள் என்பது கணக்கு. கைக்கடிகாரமும் தந்தியும் இல்லாத காலத்தில், பல மலைகளிலும் ஊர்களிலும் சிதறிக் கிடந்தவர்களை ஒரே நாளில் ஒரே இடத்தில் சேர்ப்பதற்கு எல்லோருக்கும் பொதுவான பிறைக் கணக்கைப் பிடித்தார்கள். இந்து, முஸ்லிம் என்று பிரியாமல் சேர்ந்த படைக்கு அது பொருத்தமான நாட்காட்டி. அந்த யோசனையை நான் மிகவும் மதிக்கிறேன்.

ஆனால் விருப்பாச்சியிலிருந்து கோவை ஏறக்குறைய 130 கிலோமீட்டர், நாலைந்து நாள் நடை. இடையில் எத்தனை சத்திரம், எத்தனை கிணற்றடி, எத்தனை காது! செய்தி கசிந்தது, கோட்டை விழித்துக்கொண்டது. சேர வேண்டியவர்கள் சேர வேண்டிய நேரத்தில் சேரவில்லை. தூந்தாஜியின் குதிரைகள் அப்போது வடக்கே வெகுதூரத்தில் இருந்தன. பிடிபட்டவர்களில் 42 பேர் தூக்கிலிடப்பட்டார்கள். ஒன்றரை மாதம் தள்ளி நாள் வைத்திருந்தால் ஆடி விதைப்பு குறுக்கே வந்திருக்கும். உழவர்களால் ஆன படை விதைக்கும் நேரத்தில் ஊருக்குத் திரும்பிவிடும். முன்னே போனால் ஆயத்தம் போதாது, பின்னே போனால் ஆள் இருக்காது.

அதே மாதங்களில் கம்பெனிப் படையின் ஆர்தர் வெல்லெஸ்லி தூந்தாஜியைத் துரத்திக்கொண்டிருந்தார். அவருடைய கடிதங்களைப் படித்தால் போர் உத்திக்கு இணையாக அரிசியும் மாடுமே பக்கத்துக்குப் பக்கம் வரும். மைசூரின் அமிர்தமகால் மாடுகள், தானியம் சுமந்து வரும் லம்பாடி வணிகர்கள், அவர்களுக்கு ரொக்கமாகக் கூலி. 1800 செப்டம்பர் 10 அன்று கோணக்கலில் தூந்தாஜி கொல்லப்பட்டார். வெல்லெஸ்லிக்குப் பின்னால் ஒரு கருவூலம் இருந்தது. நம் பாளையக்காரர்களிடம் கப்பமாக வாங்கிய பேஷ்கஷும் அந்தக் கருவூலத்தில்தான் சேர்ந்தது. அதாவது நம் கூட்டணியை நசுக்கிய படைக்கு நம் வயல்களும் தீனி போட்டன.

1801-ல் கர்னல் இன்னஸின் படை திண்டுக்கல் மலைகளுக்குள் புகுந்தது. கோபால நாயக்கர் காட்டிக்கொடுக்கப்பட்டுப் பிடிபட்டார். அந்த ஆண்டே திண்டுக்கல்லில் தூக்கிலிடப்பட்டார். இன்றும் நகருக்குள் இருக்கும் கோபாலசமுத்திரக் கரையை அந்த நினைவோடுதான் மக்கள் சொல்கிறார்கள். காட்டிக்கொடுத்தவனைத் திட்டுவது எளிது. ஓராண்டுக்கு மேல் இரண்டு படைக்கும் தானியம் அளந்து, குதிரி காலியாகி, மாடும் போன ஒரு ஊரை மனத்தில் வைத்துப் பார்த்தால், அத்தனை நாள் அத்தனை பேர் வாய் திறக்காமல் இருந்ததுதான் எனக்கு வியப்பாகத் தெரிகிறது.

அக்டோபர் 24 அன்று மருது சகோதரர்களைத் திருப்பத்தூரில் தூக்கிலிட்டார்கள். 1801 டிசம்பர் 1 அன்று கவர்னர் எட்வர்ட் கிளைவின் அறிவிப்பு வந்தது. பாளையங்கள் ஆயுதம் வைத்திருக்கக் கூடாது, கோட்டைகள் இடிக்கப்படும். வேல், ஈட்டி, துப்பாக்கி எல்லாம் ஊர் ஊராக ஒப்படைக்கப்பட்டன. தலைமுறை தலைமுறையாகக் காவல் காத்தவர்கள் வேலையும் மானியமும் இழந்தார்கள். அவர்கள் வீடுகளில் அதன்பின் என்ன நடந்தது என்பதை அடுத்த வாரம் எழுதுகிறேன்.

விருப்பாச்சிக்கு மேலே இருக்கும் மலைக்குக் கம்பெனி மறுபடி ஆள் அனுப்பியது 1821-ல். வந்தவர் லெப்டினன்ட் வார்டு. நிலம் அளக்க வந்தார். 1845-ல் அமெரிக்க மிஷனரிகள் கொடைக்கானலில் வீடு கட்டி ஏறினார்கள், அடிவாரத்துக் காய்ச்சலிலிருந்து தப்பிக்க.