செம்பு வெட்டாத தீவின் செம்பு

சுங்கத்தின் புதிய பிறப்பிட விதிகள் நடைமுறைக்கு வந்த 2020 செப்டம்பர் 21-ஆம் தேதியை முன்னிட்டு இந்தப் பகுதிக்கு வந்து சேர்ந்த கடிதங்களைப் பிரித்துப் பார்க்கையில், சேரன்மகாதேவியிலும் அம்பாசமுத்திரத்திலும் பலசரக்கு மொத்த வியாபாரம் செய்கிறவர்களும், தூத்துக்குடிக் கிளியரிங் ஏஜெண்டுகளிடம் கணக்கெழுதுகிறவர்களுமாகிய நம் வாசகர்களில் பெரும்பாலோர், அன்று முதல் இலங்கைச் சரக்குக்கு வரிச்சலுகையே இல்லாமற் போகிறது என்று எண்ணிக் கலங்கியிருந்தது தெரிகிறது. அப்படி ஒன்றும் இல்லை. 1998 டிசம்பர் 28-ஆம் தேதி வாஜ்பாயும் சந்திரிகா குமாரதுங்கவும் கையெழுத்திட்டு, 2000 மார்ச் மாதம் நடைமுறைக்கு வந்த தடையிலா வர்த்தக ஒப்பந்தம் அப்படியேதான் இருக்கிறது. சரக்கு இலங்கையில் உண்டானதுதான் என்பதை யார் நிரூபிக்கவேண்டும், எவ்வளவு நிரூபிக்கவேண்டும் என்பது மட்டுமே மாறியது என்று சர்க்கார் சொல்கிறது. அந்த ‘மட்டுமே’யைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை.

ஒப்பந்தத்தின் மேன்மையைச் சொல்லும் அதிகாரபூர்வமான அறிக்கைகள், 2000-இல் 6 கோடி டாலரை எட்டாதிருந்த இலங்கையின் இந்திய ஏற்றுமதி, 2005-இல் ஏறத்தாழ 56 கோடி டாலராக உயர்ந்ததை மிகுந்த பெருமிதத்தோடு எடுத்துக்காட்டிவிட்டு, அதே தொகை 2009-இல் 32 கோடி அளவுக்கு இறங்கிவிட்டதைப் பற்றி அநேகமாக மௌனம் சாதித்துவிடும். ஏறியது எது, இறங்கியது எது என்று பார்த்தால், உச்சத்தில் இருந்த அந்த ஏற்றுமதியில் ஏறக்குறைய பாதியைச் செம்பும் வனஸ்பதியும் பிடித்துக்கொண்டிருந்தன. இலங்கையில் செம்பு வெட்டியெடுக்கும் சுரங்கம் ஒன்றும் இயங்கவில்லை. வனஸ்பதிக்கு வேண்டிய பாமாயிலும் மலேசியா முதலிய கீழ்த்திசை நாடுகளிலிருந்தே அங்கு வந்து இறங்கவேண்டும். பிறகு எப்படி இவ்விரண்டும் ‘இலங்கைப் பொருள்’ ஆயின என்ற இடத்தில்தான், பன்னாட்டு வர்த்தகச் சட்டத்தில் நான் கண்ட யுக்திகளிலெல்லாம் சாமர்த்தியமானதும், கவலை தருவதுமான ஒரு யுக்தி ஒளிந்திருக்கிறது.

ஒரு பொருளை இலங்கையில் உண்டானதாக ஏற்க ஒப்பந்தம் இரண்டு நிபந்தனைகளை விதிக்கிறது. வெளிநாட்டு மூலப்பொருளின் மதிப்பு, முடிந்த சரக்கின் ஏற்றுமதி விலையில் 65 சதவிகிதத்துக்கு மிகாமல் இருக்கவேண்டும், அதாவது 35 சதவிகிதமாவது இலங்கை மண்ணிலே கூடியிருக்கவேண்டும் (இந்திய மூலப்பொருளும் கலந்திருந்தால் இலங்கையின் பங்கு 25 இருந்தாலே போதும், இரண்டும் சேர்ந்து 35 ஆகவேண்டும்). மேலும், உள்ளே போன பொருளும் வெளியே வந்த பொருளும் சுங்க அட்டவணையின் நான்கிலக்கத் தலைப்பு எண்ணில் வேறுபடவேண்டும். இரண்டாவது நிபந்தனை செம்புக்கு ஒரு தடையே அல்ல. காயலான் கடைச் செம்பு 7404, அதை உருக்கி வார்த்த கட்டி 7403, உலை பற்றவைத்தால் எண் மாறிவிடும். பாமாயில் 1511, அதை இறுக்கி வனஸ்பதியாக்கினால் 1516. தடையாக நிற்கவேண்டியது அந்த 35 சதவிகிதம் ஒன்றே.

ஒரு பேச்சுக்கு, 85 ரூபாய்க்குத் துபாயிலிருந்து பழைய செம்பை வாங்கி உருக்கி, 100 ரூபாய்க்கு இந்தியாவுக்கு விற்கிறார் ஒருவர் என்று வைத்துக்கொள்வோம். கூடிய மதிப்பு 15. லண்டன் உலோகச் சந்தை நாள்தோறும் விலை சொல்லும் ஒரு பண்டத்தில், வெறுமனே உருக்குவதால் அதற்குமேல் கூட நியாயமில்லை. ஆனால் நிபந்தனை அளப்பது செம்பை அல்ல, இரண்டு இன்வாய்ஸ்களை. வாங்கிய இன்வாய்ஸில் 85-ஐ 65 என்று எழுதினால் கணக்கு நேராகிவிடும். அல்லது விற்கும் இன்வாய்ஸில் 100-ஐ 131 என்று எழுதினாலும் நேராகிவிடும். நெல்லை விற்கிறவனே மரக்காலையும் கொண்டுவருகிற ஏற்பாடு இது.

விலையைக் கூட்டி எழுதினால் வாங்குகிறவர் சும்மா இருப்பாரா என்று கேட்கத் தோன்றும். சாதாரண வரியுள்ள சரக்கில் இருக்கமாட்டார். விலை ஏற ஏற வரியும் ஏறுமாதலால், குறைத்து எழுதவே இறக்குமதியாளர் ஆசைப்படுவார், அந்த ஆசையைப் பிடிப்பதற்கென்றே சுங்க இலாகாவின் அனுபவமெல்லாம் பழக்கப்பட்டிருக்கிறது. வரி பூஜ்யமாகிவிட்ட இடத்திலோ விலையைக் கூட்டி எழுதுவதற்கு ஒரு காசு செலவில்லை. உள்நாட்டு வரியை அதன்மேல் கட்டினாலும் அதைப் பின்னால் வரவு வைத்துக்கொள்ளலாம். ஆகவே, பொய் சொல்லாமல் வியாபாரியைத் தடுத்துவைத்திருந்த சுயநலத்தையே சலுகை கழற்றிவிடுகிறது. மெய்யை அளப்பதாகச் சொல்லும் விதியோ, அந்தப் பொய்யைச் சொன்னால்தான் சலுகை என்கிறது. இதற்கு அரசாங்க ஏடுகளில் உள்ள பெயர் ‘உள்நாட்டு மதிப்புக்கூட்டல்’. எல்லா ஆலைகளும் இப்படித்தான் செய்தன என்பது என் வாதமல்ல; செய்யாதவனையும் செய்தவனையும் பிரித்தறிய அந்த விதியால் முடியாது என்பதே என் வாதம்.

பிற்பாடு இந்தச் செம்பு வரத்து நின்றதற்கு விழிப்பான பரிசோதனையே காரணம் என்று யாரேனும் சொன்னால் நான் முழுவதும் நம்பமாட்டேன். 2000-ஐ ஒட்டி 35 சதவிகிதமாயிருந்த இந்தியாவின் செம்பு வரி, படிப்படியாகக் குறைந்து 2007-இல் 5 சதவிகிதம் ஆயிற்று. கச்சா பாமாயில் மீதான வரி ஒரு காலத்தில் 80 சதவிகிதத்தைத் தொட்டிருந்து, 2008 ஏப்ரலில் அறவே நீங்கிற்று. வனஸ்பதி வகைகளுக்கு ஆண்டொன்றுக்கு 2.5 லட்சம் டன் என்ற உச்சவரம்பும் வந்தது. நேர்வழியிலேயே சல்லிசாக வந்துவிடும் பண்டத்தைக் கொழும்பு வழியாகச் சுற்றிக் கொண்டுவர யார் மெனக்கெடுவார்கள்? இலங்கை ஆலைகள் மூடின. இரண்டு நாடுகளுக்கிடையே சரக்குகள் இடம் மாறுவதை ரசனை மாறுவதாகவும் உற்பத்தி பெருகுவதாகவும் அறிக்கைகள் வர்ணிக்கும்போது, அந்தந்த ஆண்டின் வரி அட்டவணையைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு படிப்பது நல்லது.

செம்பு போன இடத்துக்கு மிளகு வந்தது. இதற்குச் சாதாரண வரி 70 சதவிகிதம். இலங்கை மிளகென்றால் ஆண்டுக்கு 2,500 டன் வரை வரியே இல்லை, அதற்கு மேற்பட்டதற்குத் தெற்காசியத் தடையிலா வர்த்தக ஒப்பந்தத்தின்படி 8 சதவிகிதம். மிளகைப் பொடித்தாலும் தலைப்பு எண் 0904-தான் என்பதால், செம்பில் செய்த சித்து இதில் பலிக்காது. வியட்நாம் மிளகை மாத்தளையில் காய்த்தது என்று நேராகச் சொல்லிவிடவேண்டியதுதான். அப்படித்தான் நடக்கிறது என்று குடகு, வயநாடு, இடுக்கி விவசாயிகள் வெகுகாலம் முறையிட்டபின், 2017 டிசம்பர் 6-ஆம் தேதி கிலோவுக்கு 500 ரூபாய் என்று குறைந்தபட்ச இறக்குமதி விலையை டில்லி நிர்ணயித்தது. பின்னர் உள்நாட்டில் 350-க்கும் கீழே கிடைத்த மிளகை 500 கொடுத்து வாங்குவார் உண்டா? ஆயினும் காகிதத்தில் 500 போட்டுச் சரக்கு வருவதாகவே அந்த விவசாயிகள் மறுபடியும் முறையிட்டார்கள். வரியில்லாத இடத்தில் விலையை உயர்த்தி எழுதச் செலவில்லை என்ற அதே நியாயம் இங்கும் ஒரு தடுப்பைத் தகர்த்துவிட்டது. 2019 டிசம்பரில் கொழும்பு அரசு, வெளிநாட்டு மிளகை வரவழைத்து மறு ஏற்றுமதி செய்வதை நிறுத்தியது. நடக்கவில்லை என்று சொல்லிவந்த ஒன்றை நிறுத்தவேண்டிய அவசியம் என்னவோ, அதை அவர்கள் விளக்கவில்லை.

இத்தனைக்கும் நடுவில், இருநாட்டு வர்த்தகம் என்னவோ இறங்குமுகமாகத்தான் இருந்தது. 2018-19-இல் இலங்கையிலிருந்து ஏறத்தாழ 150 கோடி டாலருக்கு வாங்கிய நாம் 2019-20-இல் 90 கோடிக்கே வாங்கினோம். அவர்களுக்கு விற்றதும் 470 கோடியிலிருந்து 380 கோடிக்குக் குறைந்தது. அதன்மேல் 2020-இல் தொற்றுநோயும், அன்னியச் செலாவணி நெருக்கடியால் வாகனம் முதலான இறக்குமதிகளுக்குக் கொழும்பு விதித்த தடைகளும் சேர்ந்துகொண்டன.

இனிச் செப்டம்பர் 21. 2020-ஆம் ஆண்டு நிதிச்சட்டம் சுங்கச் சட்டத்தில் சேர்த்த 28டி.ஏ. பிரிவும், அவ்வாண்டு ஆகஸ்ட் 21-இல் வெளியான விதிகளும் சொல்வதன் சாரம், இலங்கை வர்த்தகத் திணைக்களம் கொடுக்கும் பிறப்பிடச் சான்று இருந்தால் மட்டும் போதாது என்பது. எந்த மூலப்பொருள், எந்த நாட்டினது, என்ன விலை, எந்த முறையில் தயாரானது, 35 சதவிகிதம் எப்படிக் கூடியது என்ற விவரங்களை முதலாவது படிவத்தில் கண்டவாறு இறக்குமதியாளர் முன்னதாகவே வாங்கி வைத்திருந்து, ஐந்து ஆண்டு பாதுகாத்து, அதிகாரி கேட்டால் பத்து வேலைநாட்களுக்குள் கொடுக்கவேண்டும். விற்கிறவர் தம் கொள்முதல் விலையையும் லாபத்தையும் வாங்குகிறவரிடம் அவிழ்த்துக்காட்ட வேண்டும் என்று எதிர்பார்க்கும் இந்த ஏற்பாடு, கொழும்பில் சொந்தக் கிளை வைத்திருக்கும் பெரிய கம்பெனிக்கு ஒரு பொருட்டல்ல. அங்கே ஆலை வைத்து இங்கே தாமே வாங்குகிறவருக்கு இரண்டு இன்வாய்ஸ்களும் ஒரே மேஜையில் தயாராகும். ஆண்டுக்கு இரண்டு கன்டெய்னர் கொட்டைப்பாக்கோ கிராம்போ வரவழைக்கும் நம்மூர் வியாபாரிதான் அந்த விவரத்தை யாசித்துப் பெறவேண்டும். பித்தலாட்டத்தைப் பிடிக்கும் ஏற்பாடு என்று நிதியமைச்சர் அவ்வாண்டு பட்ஜெட் உரையில் இதை முன்மொழிந்தார். விதி அளப்பது இன்னும் அதே காகிதங்களைத்தான், அளக்கும் வேலைதான் கை மாறியிருக்கிறது.

மற்றக் கேள்விகளுக்குச் சுருக்கமாகப் பதில் சொல்கிறேன். சிங்கப்பூர்ச் சரக்கு கொழும்பில் கப்பல் மாறித் தூத்துக்குடிக்கு வந்தால் இலங்கைச் சரக்காகிவிடாது. அதற்கு இலங்கைச் சலுகையும் இல்லை, அந்தச் சலுகைக்கான படிவமும் வேண்டாம். முழு வரி கட்டத் தயாராயிருப்பவருக்கு இந்த விதிகளால் யாதொரு பாதிப்பும் இல்லை.

ஏஜெண்டு படிவத்தை நிரப்பிக் கொடுத்தாலும் பொறுப்பு உங்களுடையதே.

இலங்கைக்கு அனுப்புகிறவர்களை இது தொடாது. மஞ்சள் அனுப்பலாமா என்று கேட்டிருந்த மூவருக்கும்: இலங்கை 2020-இல் அதன் இறக்குமதியைத் தடுத்திருந்தது, கடற்கரையில் படகோடு பிடிபட்ட மூட்டைகளைப் பற்றிய செய்திகளை நீங்களும் படித்திருப்பீர்கள்.