அலுவலும் அலுப்பும்



படிப்பை முடித்து வேலைக்குச் செல்லவிருக்கும் இளைஞர்களிடம் பெரியோர் பலர் தவறாமற் கூறும் அறிவுரை ஒன்று உண்டு. மனத்துக்குப் பிடித்த தொழிலைத் தேர்ந்துகொள் என்பதே அது. கேட்பதற்கு இனிய உரைதான். ஆனால் நம்மிடையே எத்தனை பேருக்கு அவ்வாறு தேர்ந்துகொள்ளும் வாய்ப்புக் கிட்டுகிறது? குடும்ப நிலைமை ஒரு பக்கம் இழுக்கிறது. பெற்ற மதிப்பெண் மற்றொரு பக்கம் தள்ளுகிறது. கிடைத்த வேலையில் அமர்ந்துவிடுகிறோம். ஆறு திங்கள் கழிவதற்குள் அலுப்புத் தட்டிவிடுகிறது. ஆதலால், நான் எடுத்துக்கொண்ட கேள்வி வேறு. பிடிக்காத வேலையில் அமர்ந்துவிட்ட ஒருவர் அதில் பற்றுக்கொள்ள இயலுமா? இயலுமாயின், அப்பற்று எவ்வழியாக வருகிறது?

இதற்கு விடை கூற நம் நாட்டவர் ஒருவருடைய வாழ்க்கையையே எடுத்துக்காட்டாகக் கொள்ளலாம். சீ. இரா. அரங்கநாதன் 1892இல் சீர்காழியில் பிறந்தவர். கணிதம் கற்றார், கணிதமே கற்பித்தார். சென்னை மாநிலக் கல்லூரியில் மாணவர் சூழப் பாடம் சொல்லி மகிழ்ந்திருந்த அவர், 1924ஆம் ஆண்டு சனவரித் திங்களில் சென்னைப் பல்கலைக்கழகத்தின் நூலகராக அமர்ந்தார். வகுப்பறையின் கலகலப்புக்குப் பழகியவருக்கு நூலகத்தின் தனிமை சிறைபோல் இருந்தது. நாள் முழுவதையும் நிறைக்கும் வேலை இல்லை. வாய்விட்டுப் பேச ஆளும் இல்லை. சிறிது காலத்திலேயே பழைய கல்லூரிக்கு ஓடினார். ஆசிரியப் பணியையே மீண்டும் தருமாறு முதல்வரை வேண்டினார். முதல்வர் கதவை அடைக்கவில்லை. இங்கிலாந்து சென்று நூலகக் கலையைப் பயின்று வருக, வந்த பின்னும் மனம் ஒட்டாவிடில் இங்கே இடம் உண்டு என்று சொல்லி அனுப்பினார்.

இந்திய நூலக இயலின் தந்தை என்று பின்னாளில் போற்றப்பட்டவர் நூலகத்தை விட்டு ஓடப் பார்த்தவர் என்பதை நீங்கள் மறத்தலாகாது. ‘பிறவியிலேயே வாய்த்த ஆர்வம்’ என்று நாம் எளிதாகச் சொல்லிவிடுகிறோம். இவரிடம் அது இருந்ததாகத் தெரியவில்லை.

இலண்டனில் பல்கலைக்கழகக் கல்லூரியில் அவர் பயின்றார். ஆயினும், வகுப்பில் கேட்ட பாடத்தைக் காட்டிலும் நேரிற் கண்ட காட்சியே அவரை மாற்றியது என்று நான் கருதுகிறேன். நூற்றுக்கும் மேற்பட்ட நூலகங்களை அவர் சுற்றிப் பார்த்தார். அங்கே சிறுவர் வந்தனர், தொழிலாளர் வந்தனர், பெண்டிர் வந்தனர். புத்தகம் பூட்டி வைக்கும் பொருளாக இருக்கவில்லை. கை மாறிக்கொண்டே இருந்தது. சென்னையில் அவர் பார்த்துச் சலித்தது அலமாரியை. இங்கே கண்டதோ அலமாரிக்கு எதிரே நிற்கும் மனிதனை. வேலை அதேதான். ஆனால், அது யாரிடம் போய்ச் சேருகிறது என்பது இப்போது கண்ணுக்குத் தெரிந்தது.

இன்னொன்றையும் அவர் கண்டார். ஒவ்வொரு நூலகமும் ஒவ்வொரு வழக்கத்தைப் பின்பற்றியது. எல்லாவற்றையும் ஒருங்கே தழுவும் கொள்கை ஒன்றைக் காணோம். சில அடிப்படை உண்மைகளிலிருந்து மற்றவற்றைப் பெறுவதே கணிதம் பயின்றவரின் பழக்கமன்றோ? அம்மனத்துக்கு இக்குழப்பம் உறுத்தியது. தாம் விட்டுவந்த கணிதம் புதிய இடத்திலும் தமக்குப் பயன்படும் என்பதை அவர் உணர்ந்தார்.

இலண்டன் கடை ஒன்றில் மெக்கானோ என்னும் விளையாட்டுப் பொருளைக் கண்டபோது அவருக்கு ஒரு வழி புலப்பட்டது. துளையிட்ட தகடுகள், சக்கரங்கள், திருகாணிகள் ஆகிய சிலவற்றை வெவ்வேறு விதமாகப் பூட்டிப் பற்பல பொம்மைகளைச் செய்யலாம். அதுபோல, நூலின் பொருளையும் சிறு சிறு கூறுகளாகப் பிரித்து, வேண்டியவாறு இணைத்தால் என்ன? நெற்பயிரைத் தாக்கும் நோய்கள் பற்றித் தஞ்சைப் பகுதியை வைத்து எழுதிய நூல் ஒன்று வருகிறது எனக் கொள்வோம். பயிருக்கு ஒரு குறி, நோய்க்கு ஒரு குறி, இடத்துக்கு ஒரு குறி; இவற்றைக் கோத்தால் அந்நூலுக்குரிய எண் கிடைத்துவிடும். நாளை கரும்பு நோய் பற்றிய நூல் வருமாயின், பயிரின் குறியை மட்டும் மாற்றினாற் போதும். குறிகளை இணைப்பதற்கு அவர் முதலில் எடுத்துக்கொண்டது முக்காற்புள்ளி. அதனாலேயே 1933இல் வெளிவந்த அம்முறைக்குக் கோலன் பகுப்பு முறை என்று பெயர் ஆயிற்று.

1925இல் அவர் சென்னைக்குத் திரும்பினார். கல்லூரியில் காத்திருந்த இடத்தை அவர் கேட்கவேயில்லை. 1944 வரை நூலகராகவே இருந்தார். படிப்பவர் தாமே அலமாரியை அணுகி நூலை எடுத்துப் பார்க்கும் திறந்த முறையைக் கொண்டுவந்தார். இதன் அருமை இன்றைய மாணவருக்கு விளங்குவது அரிது. சீட்டில் பெயரெழுதிக் கொடுத்துவிட்டு, பணியாள் உள்ளே போய் எடுத்து வரும்வரை காத்திருந்து, வந்தது வேண்டாத நூலாக இருப்பின் மறுபடியும் சீட்டெழுதிப் பாருங்கள், அப்போது விளங்கும்! 1931இல் நூலக இயலின் ஐந்து விதிகளை அவர் நூலாக வெளியிட்டார். நூல்கள் பயன்படுத்துவதற்கு உரியவை என்பது முதல் விதி. படிப்பவர் ஒவ்வொருவருக்கும் உரிய நூல் கிடைத்தல் வேண்டும். ஒவ்வொரு நூலுக்கும் உரிய வாசகர் வாய்த்தல் வேண்டும். படிப்பவரின் நேரத்தைக் காத்தல் வேண்டும். நூலகம் வளரும் உயிர் போன்றது. குழந்தைக்கும் விளங்கக்கூடிய வாசகங்கள்தாம். ஆனால், தூசி தட்டுவதும் அட்டை எழுதுவதும் ஏன் என்னும் கேள்விக்கு இவற்றில் விடை இருக்கிறது. அதே 1931இல் மன்னார்குடியில் மாட்டுவண்டியில் நூல்களை ஏற்றிக்கொண்டு ஊர் ஊராகச் சென்றனர். 1948இல் சென்னை மாகாணத்தில் பொது நூலகச் சட்டம் பிறந்தது. அதன் பின்னணியில் இவருடைய உழைப்பு உண்டு.

பேரறிஞரின் கதை நமக்கு எட்டுமா என்று நீங்கள் கேட்கலாம். எட்டும். பள்ளிக்கூடத்திலேயே மிக அலுப்பான வேலை எதுவென்று என்னைக் கேட்டால் வருகைப் பதிவேடு என்பேன். ஆசிரியர் பயிற்சியின்போது அதை நிரப்பும் முறையை எங்களுக்கு ஐயமறக் கற்பித்தனர். எதற்காக என்பதைப் பற்றி அதிகம் பேசவில்லை. என்னோடு பணியாற்றிய ஆசிரியர் ஒருவர் மட்டும் மாத இறுதியில் அதைக் கதைப் புத்தகம்போல் படிப்பார். ஒரு மாணவனின் பெயருக்கு நேரே செவ்வாய்தோறும் விடுப்பு விழுந்திருப்பதை அவர்தாம் முதலில் கண்டார். செவ்வாய்க்கிழமை எங்கள் ஊர்ச் சந்தை. பையன் அங்கே மூட்டை தூக்கிக்கொண்டிருந்தான். ஆசிரியர் அவனுடைய தந்தையைச் சந்தித்துப் பேசினார். சந்தை முழுவதையும் விடவைக்க முடியவில்லை. பிற்பகலிலாவது வகுப்புக்கு அனுப்பச் செய்தார். நாங்கள் அனைவரும் நிரப்பியது அதே கட்டங்களைத்தான். அவருக்கு மட்டும் அவை ஆள்களாகத் தெரிந்தன.

இங்கே ஓர் எச்சரிக்கையும் வேண்டும். எந்த வேலையிலும் பொருள் காணலாம் என்று சொல்லிச் சொல்லியே, செய்யத் தகாத வேலையை ஏழைகள் தலையில் சுமத்துவோரும் உண்டு. மனிதக் கழிவை மனிதர் கையால் அகற்றும் கொடுமையை 2013ஆம் ஆண்டுச் சட்டம் தடைசெய்திருக்கிறது. அத்தகைய வேலையில் இருப்பவருக்கு வேண்டியது ஊக்கவுரை அன்று, விடுதலை. குறைந்த கூலிக்கு மனநிறைவை ஈடாகக் காட்டும் முதலாளியையும் நம்பாதீர்கள். அரங்கநாதன் தாமாகவே மனம் மாறினார். திரும்பிச் செல்லக் கதவு திறந்திருந்தபோது மாறினார். அச்சுதந்திரம் சிறிதல்ல.

உங்களுக்கு இன்று உள்ள வேலை படிப்பு. அதிலும் அலுப்பானது ஆய்வுக்கூடக் குறிப்பேடு எழுதுவது என்பதை நான் அறிவேன். கம்பியின் தடிப்பை ஒரு தடவை அளந்தாற் போதாதா, ஏன் வெவ்வேறு இடங்களில் பல தடவை அளக்கச் சொல்கிறார்கள்? பலர் முதல் அளவை எடுத்துவிட்டு, மற்றவற்றைத் தாமாகவே அதற்கேற்பப் ‘படைத்து’விடுகிறார்கள், அது எங்களுக்குத் தெரியாது என்று வேறு எண்ணிக்கொள்கிறார்கள்! அடுத்த வகுப்பில் ஆசிரியரிடம் இக்கேள்வியைக் கேளுங்கள். கம்பி எங்கும் ஒரே தடிப்பாக இருப்பதில்லை என்பதையும், கண்ணும் கையும் ஒவ்வொரு முறையும் சிறிதளவு பிழை செய்யும் என்பதையும், அப்பிழைகள் சராசரியில் பெரும்பாலும் ஒன்றையொன்று கழித்துவிடும் என்பதையும் அவர் விளக்குவார். கேட்டதற்காகச் சினந்துகொள்ள மாட்டார். ஆசிரியராக இருந்தவன் சொல்கிறேன், இப்படிக் கேட்கும் மாணவன் ஒருவன் வகுப்பில் இருந்தால் எங்களுக்கும் அலுப்புத் தோன்றுவதில்லை.