மாதாமாதம் போகும் நன்கொடையை நிறுத்துவது எப்படி?



சமீப காலமாக நாங்கள் குழுக் கூட்டங்களுக்குப் போகும் ஊர்களில் ஒரே கேள்வி திரும்பத் திரும்ப வருகிறது. "ஏனுங்க மேடம், போன வருசம் காந்திபுரத்துல ஒரு பொண்ணு குழந்தைகளுக்கு உதவி பண்ணுங்கன்னு கேட்டுச்சு. ஒரு தடவைதான்னு நெனச்சுக் குடுத்தேன். இப்ப மாசாமாசம் ஐநூறு போயிட்டே இருக்குதுங்க. எப்படி நிறுத்தறதுங்க?" என்று கேட்கிறார்கள். சூலூர் பக்கமும் அன்னூர் பக்கமும் இதே கதைதான், தொகைதான் மாறுகிறது.

ஐநூறு ரூபாய் சின்னத் தொகை என்று யாரும் சொல்ல வேண்டாம். 2023 செப்டம்பரில் அரசு மகளிர் உரிமைத் தொகையாக ஆயிரம் ரூபாய் போடத் தொடங்கியபோது அதில் பாதி அது. பணம் போவதோடு விஷயம் முடிவதும் இல்லை. நம்மில் பலருக்கு நூறு நாள் வேலைக் கூலி வந்ததும், கடன் தவணை பிடித்ததும் ஒரே வங்கிக் கணக்கில்தான். நன்கொடை 5-ஆம் தேதி பிடிக்கப்பட்டு, தவணை 7-ஆம் தேதி வந்தால், கணக்கில் பணம் பத்தாமல் தவணை திரும்பிவிடும். அதற்கு வங்கி அபராதம் போடும். நாளைக்கு வேறு கடன் கேட்கும்போது பழைய தவணை தவறியதும் சேர்ந்து நிற்கும்.

முதலில் என்ன நடந்திருக்கிறது என்று தெரிந்துகொள்வோம். அன்று நீங்கள் கொடுத்தது ஐநூறு ரூபாய் மட்டும் இல்லை. "மாதாமாதம் என் கணக்கில் எடுத்துக்கொள்ளலாம்" என்ற அனுமதியும் கொடுத்திருக்கிறீர்கள். வங்கிக்காரர்கள் இதை மேண்டேட் என்பார்கள். முன்பு இ.சி.எஸ். என்ற பெயரில் இருந்தது, பிறகு தேசியப் பணப்பட்டுவாடா கழகம் நடத்தும் நாச் என்ற முறைக்கு மாறியது. காகிதத்தில் கையெழுத்து வாங்கிய காலம் போய், இப்போது டேப்பில் கார்டு எண்ணைப் போட்டு, உங்கள் போனுக்கு வரும் ஓ.டி.பி.யைக் கேட்டு வாங்கினாலே அனுமதி பதிவாகிவிடுகிறது. கூகுள் பே, போன்பே போன்றவற்றில் 2020 ஜூலையில் வந்த ஆட்டோபே வழியாகவும் பதிவாகும்.

உங்களிடம் நாச் படிவத்தின் நகல் இருந்தால் எடுத்துப் பாருங்கள். ஒரு பக்கப் படிவம்தான், ஆனால் அதில் விஷயம் நிறைய இருக்கிறது. மேலே ஓரத்தில் மூன்று கட்டங்கள் இருக்கும்: புதிதாகத் தொடங்க, திருத்த, ரத்து செய்ய. நம்மைச் சேர்க்கும்போது முதல் கட்டத்தில் டிக் போட்டிருப்பார்கள். மூன்றாவது கட்டமும் அதே படிவத்திலேயே இருக்கிறது என்பதை யாரும் காட்டுவதில்லை. நடுவில் "நிலையான தொகை", "அதிகபட்சத் தொகை" என்று இரண்டு கட்டங்கள். அதிகபட்சத் தொகையில் டிக் போட்டு ஐயாயிரம் என்று எழுதியிருந்தால், மாதம் ஐநூறு எடுக்கிறவர்கள் அந்த ஐயாயிரம் வரைக்கும் எடுக்க வங்கி தடை சொல்லாது. எந்தத் தேதி முதல் எந்தத் தேதி வரை என்ற இடமும் உண்டு. பழைய படிவங்களில் "ரத்து செய்யும் வரை" என்றே ஒரு கட்டம் இருந்தது.

கடைசியில் பொடி எழுத்தில் இருப்பதுதான் நமக்கு முக்கியம். இந்த அனுமதியை ரத்து செய்யவோ திருத்தவோ எனக்கு உரிமை உண்டு, அதற்குப் பணம் பெறும் நிறுவனத்திடமோ அல்லது என் வங்கியிடமோ தெரிவித்தால் போதும் என்ற பொருளில் அங்கே அச்சடித்திருக்கும். நிறுவனத்திடம் "அல்லது" வங்கியிடம். அதனால் "நீங்க அந்த டிரஸ்ட்ல போய்க் கேளுங்கம்மா, எங்களுக்குத் தெரியாது" என்று கவுண்டரில் சொன்னால் திரும்பி வந்துவிடாதீர்கள். இ.சி.எஸ். காலத்திலேயே ரிசர்வ் வங்கி இதைத் தெளிவாகச் சொல்லியிருந்தது. செக்கை நிறுத்தச் சொல்லி வங்கிக்கு எழுதுவது மாதிரிதான் இதுவும், பணம் பெறுகிறவரின் சம்மதம் தேவையில்லை.

இனி செய்ய வேண்டியது. பாஸ்புக்கை என்ட்ரி போட்டு வாருங்கள். பணம் போன வரியில் நாச் என்றோ, ஏ.சி.எச். என்ற மூன்று ஆங்கில எழுத்துகளோ இருந்தால் அது வங்கி மேண்டேட். யு.பி.ஐ. என்று இருந்தால் போன் வழி. எந்தத் தேதியில், எந்தப் பெயரில் போகிறது என்று குறித்துக்கொள்ளுங்கள். பிரதமர் விபத்துக் காப்பீட்டுக்கு வருடம் 20 ரூபாயும், ஆயுள் காப்பீட்டுக்கு 436 ரூபாயும் இதே மாதிரி தானாகப் பிடிப்பார்கள். அது நன்கொடை இல்லை, குடும்பத்துக்கான பாதுகாப்பு. "எல்லா ஆட்டோ டெபிட்டையும் நிறுத்திடுங்க சார்" என்று மொத்தமாகச் சொல்லிவிட்டால் அதுவும் போகும், கடன் தவணையும் நின்று சிக்கலாகும். எதை நிறுத்த வேண்டுமோ அதை மட்டும் பெயர் சொல்லிக் கேளுங்கள்.

யு.பி.ஐ. என்றால் வேலை சுலபம். ஆப்பைத் திறந்து உங்கள் படம் இருக்கும் இடத்தை அழுத்தினால் ஆட்டோபே என்ற பகுதி வரும். சில ஆப்பில் அது கொஞ்சம் உள்ளே தள்ளி இருக்கும். அதில் அந்த நிறுவனத்தின் பெயரைத் தொட்டு ரத்து என்று கொடுத்தால் உங்கள் பின் நம்பரைக் கேட்கும். போட்டால் முடிந்தது. ஆப்பையே அழித்துவிட்டால் நின்றுவிடும் என்று சிலர் நினைக்கிறார்கள். நிற்காது. அனுமதி பதிவாகியிருப்பது வங்கியில், போனில் இல்லை.

கார்டு வழியாகப் போகிறது என்றால், பணம் எடுப்பதற்குக் குறைந்தது 24 மணி நேரம் முன்பே உங்களுக்குத் தகவல் வர வேண்டும், அதிலேயே வேண்டாம் என்று சொல்லும் வழியும் இருக்க வேண்டும். 2021 அக்டோபர் 1 முதல் ரிசர்வ் வங்கி இதைக் கட்டாயமாக்கியது. அந்தச் சமயத்தில் புது முறைக்கு மாறாத பழைய அனுமதிகள் பல தானாகவே நின்றுபோயின. பிள்ளைகளின் போன் நம்பரை வங்கியில் கொடுத்திருக்கும் சகோதரிகளுக்கு இந்த எஸ்.எம்.எஸ். போய்ச் சேருவதே இல்லை. நம்பரை முதலில் மாற்றுங்கள்.

நாச் என்றால் வங்கிக்கு நேரில் போவதே நல்லது. பாஸ்புக், ஆதார், எழுதிய கடிதம் இரண்டு பிரதி எடுத்துக்கொள்ளுங்கள். கடிதம் இப்படி இருந்தால் போதும்:

"ஐயா / அம்மா, தங்கள் கிளையில் எனக்குச் சேமிப்புக் கணக்கு உள்ளது (எண் ....). இக்கணக்கில் இருந்து .... என்ற நிறுவனத்துக்கு மாதந்தோறும் ரூ..... பிடிக்கப்படுகிறது. இதற்காக நான் கொடுத்த நாச் அனுமதியை (மேண்டேட் எண் ....) இன்று முதல் ரத்து செய்கிறேன். இனிமேல் இந்த நிறுவனத்தின் பெயரில் என் கணக்கில் பணம் எடுக்க அனுமதிக்க வேண்டாம் எனக் கேட்டுக்கொள்கிறேன். மற்ற அனுமதிகள் தொடரட்டும்."

மேண்டேட் எண் என்பது எழுத்தும் எண்ணும் கலந்த 20 இலக்கம். உங்களிடம் இல்லாவிட்டால் அந்த இடத்தைக் காலியாக விட்டு, வங்கியிலேயே கேளுங்கள். அவர்கள் கம்ப்யூட்டரில் இருக்கும். இரண்டாவது பிரதியில் தேதியோடு சீல் வாங்காமல் வராதீர்கள். பணம் பிடிக்கும் தேதிக்குப் பத்துப் பதினைந்து நாள் முன்னாடியே கொடுத்துவிடுங்கள். கடைசி நாளில் கொடுத்தால் அந்த மாதம் போய்விடலாம். அதே கடிதத்தின் நகலை நிறுவனத்துக்கும் அனுப்பி வையுங்கள். இது மரியாதைக்காக. அவர்களும் தங்கள் கணக்கைத் திருத்திக்கொள்வார்கள்.

கணக்கில் பணத்தை எடுத்துவிட்டுக் காலியாக வைப்பது வழி ஆகாது. பலர் இதைத்தான் செய்கிறார்கள். பணம் இல்லாமல் திரும்பினால் சில வங்கிகளில் 250, சிலவற்றில் 500 ரூபாய் கட்டணம், அதன்மேல் 18 சதவீதம் ஜி.எஸ்.டி. அதாவது ஐநூறு ரூபாய் நன்கொடையைத் தவிர்க்கப் போய் 590 ரூபாய் வரை வங்கிக்குக் கொடுக்கிறோம். அடுத்துக் கணக்கில் பணம் வந்ததும் முதலில் அதைத்தான் கழிப்பார்கள்.

"நிறுத்தினால் கேஸ் ஆகும்" என்று போனில் சொல்கிறார்கள் என்றும் சில இடங்களில் கேள்விப்பட்டோம். பயப்பட வேண்டாம். கணக்கில் பணம் இல்லாமல் மின்னணுப் பரிமாற்றம் திரும்பினால் குற்றம் என்று 2007-ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று இருப்பது உண்மைதான். ஆனால் அது சட்டப்படி செல்லும் கடனுக்காகவோ பொறுப்புக்காகவோ கொடுத்த பணத்துக்கு மட்டும். நீங்களாக விரும்பி மாதாமாதம் கொடுத்த தர்மம் கடன் ஆகாது. குழுக் கடன், மைக்ரோ ஃபைனான்ஸ் கடன் இரண்டும் கடன்தான் என்பதை மறக்க வேண்டாம்.

இன்னொரு தயக்கமும் இருக்கிறது, அதுதான் பெரியது. "குடுத்துட்டு இருந்த தர்மத்தை நிறுத்தினா பாவம் இல்லீங்களா?" என்று வயதில் பெரிய அக்கா ஒருவர் கேட்டார். நம் பாட்டிமார் உலையில் அரிசி போடும்போது ஒரு பிடி எடுத்துத் தனிப் பானையில் போட்டு வைப்பார்கள். வீட்டில் அரிசி குறைந்த மாதம் அந்தப் பிடியும் குறையும், யாரும் வந்து கேட்டதில்லை. இப்போதைய ஏற்பாடு பானையில் என்ன இருக்கிறது என்று பார்ப்பதில்லை. தொண்டு நிறுவனத்தில் வேலை பார்க்கும் நாங்களே இதை எழுதலாமா என்று எங்களுக்குள்ளும் பேச்சு வந்தது. மாதச் சந்தாவை நம்பி நல்ல வேலை செய்யும் நிறுவனங்கள் நிறைய இருக்கின்றன. அவர்களுக்குக்கூட, வெளியே வர வழி தெரியாமல் மாட்டிக்கொண்டு கொடுக்கும் பணத்தால் நல்ல பெயர் வராது. கொஞ்சம் கொடுக்க விருப்பம் இருந்தால் படிவத்தில் "திருத்த" என்ற கட்டம் இருக்கிறதே, ஐநூறை நூறாகக் குறைக்கலாம். இல்லையென்றால் முடிந்தபோது ஒரு தடவை கொடுத்து ரசீது வாங்கிக்கொள்ளலாம். வரிச்சலுகை கிடைக்கும் என்று சொல்வார்கள். வருமான வரி கட்டாத நமக்கு அதனால் ஒரு பைசா பயன் இல்லை.

நிறுவனத்தின் போன் நம்பரைக் கூகுளில் தேடி எடுக்காதீர்கள், ரசீதில் இருப்பதை மட்டும் பாருங்கள். போலி நம்பர் போட்டுக் காத்திருக்கிறவர்கள் "ரத்து பண்ணித் தரோம், இந்த ஆப்பை ஏத்துங்க, ஓ.டி.பி. சொல்லுங்க" என்பார்கள். பின் நம்பர் நீங்களாக உங்கள் ஆப்பில் போடுவதற்கு மட்டும். யாரிடமும் சொல்வதற்கு இல்லை. ஏமாந்துவிட்டால் உடனே 1930 என்ற எண்ணுக்குப் போன் செய்யுங்கள்.

பிரிட்டனில் நன்கொடை திரட்டுவதைக் கண்காணிக்கவே 2016-இல் தனி அமைப்பு வைத்தார்கள். நம் நாட்டில் அப்படி ஒன்று இல்லாததால் நமக்குப் பிடிமானம் வங்கிதான். கடிதம் கொடுத்த பிறகு இரண்டு மாதம் பாஸ்புக்கைப் பாருங்கள். அதற்கு முன்பு போன பணத்தை வங்கி திருப்பித் தராது, நிறுவனத்திடம் கேட்டுத்தான் பார்க்க வேண்டும். ஆனால் ரத்து செய்த பிறகும் பணம் எடுத்திருந்தால், சீல் போட்ட பிரதியோடு போய் மேனேஜரிடம் எழுத்துப்பூர்வமாகப் புகார் கொடுத்து அந்தப் பணத்தைத் திரும்பக் கேளுங்கள். 30 நாளில் பதில் வராவிட்டாலோ, வந்த பதில் சரியாக இல்லாவிட்டாலோ ரிசர்வ் வங்கியின் ஆம்புட்ஸ்மேனிடம் இலவசமாகப் புகார் செய்யலாம். வழிமுறை கேட்க 14448 என்ற எண் இருக்கிறது. கடிதம் எழுதச் சிரமப்படும் சகோதரிகள் பாஸ்புக்கோடு கூட்டமைப்பு அலுவலகத்துக்கு வந்தால் நாங்கள் உட்கார்ந்து எழுதித் தருகிறோம்.