நீதிமன்றத் தீர்ப்பும் மருத்துவ மாணவர் இடமாற்றமும்: சைற்றம் விவகாரம் பற்றிய சில குறிப்புகள்

தனியார் மருத்துவக் கல்லூரியொன்று மூடப்படும்பொழுது அதன் மாணவர் எங்குச் செல்வர் என்ற வினா, மேலோட்டமாக நோக்குமிடத்து வெறும் நிர்வாகப் பிரச்சினையாகவே தோன்றும். ஆயின் இலங்கையில் அவ்வினா இரு தடவை எழுந்துள்ளது. இரு தடவையும் அரசே அதற்கு விடையளிக்க நேர்ந்தது. மாலபேயில் இயங்கிய சைற்றம் நிறுவனத்தின் மாணவர் தொடர்பாக நீதிமன்றமும் பாராளுமன்றமும் மேற்கொண்ட முடிவுகளை விளக்கி, அவற்றின் அடியிலுள்ள பொருளியல் உண்மையைச் சுட்டுவதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

நாட்டின் முதலாவது தனியார் மருத்துவக் கல்லூரியான வட கொழும்பு மருத்துவக் கல்லூரி, திறந்த பொருளாதாரக் கொள்கை புகுத்தப்பட்ட சூழலில், 1980 ஆம் ஆண்டு ராகமவில் நிறுவப்பட்டது. பல்கலைக்கழக மாணவரின் தொடர்ச்சியான போராட்டங்களையடுத்து 1989 இல் அரசு அதனைப் பொறுப்பேற்றது. 1991 இல் முதல் மாணவர் தொகுதியை அனுமதித்த களனிப் பல்கலைக்கழக மருத்துவ பீடம் இவ்வழி வந்ததே.

சைற்றம் நிறுவனத்துக்கு மருத்துவப் பட்டம் வழங்கும் தகைமை 2011 ஆம் ஆண்டு வர்த்தமானி அறிவித்தலின் மூலம் அளிக்கப்பட்டது. எனினும், அங்கு மருத்துவமனைசார் பயிற்சி போதுமானதன்று எனக் கூறி, அதன் பட்டதாரிகளைப் பதிவுசெய்ய இலங்கை மருத்துவ சபை மறுத்தது. பட்டதாரி ஒருவர் எழுத்தாணை கோரி வழக்குத் தொடர்ந்தார். 2017 சனவரி 31 அன்று மேன்முறையீட்டு நீதிமன்றம் அவர் தற்காலிகப் பதிவுக்கு உரித்துடையவர் எனத் தீர்ப்பளித்தது. 2018 செப்டெம்பர் 21 அன்று உயர் நீதிமன்றம் மருத்துவ சபையின் மேன்முறையீட்டைத் தள்ளுபடி செய்தது.

தீர்ப்பின் தருக்கம் தெளிவானது. நிறுவனத்தைப் பரிசோதித்து அறிக்கையிடுவது சபையின் பணி. அங்கீகாரத்தை நீக்கும் அதிகாரமோ அமைச்சருக்குரியது. அமைச்சர் அதனை நீக்காதிருக்கையில் சபை பதிவை மறுத்தல் சட்டத்துக்கு இயைந்ததன்று. இங்கு ஒன்றைக் கவனித்தல் வேண்டும். நீதிமன்றம் மாணவரை வேறிடத்துக்கு மாற்றுமாறு பணிக்கவில்லை. பட்டத்தின் சட்டவலுவையே உறுதிசெய்தது. தீர்ப்பை எதிர்த்து மருத்துவர்கள் வேலைநிறுத்தம் செய்தனர். அரச மருத்துவ பீடங்களின் மாணவர் பல மாதங்கள் விரிவுரைகளைப் பகிஷ்கரித்தனர். 2017 ஒக்டோபரில் சைற்றம் ஒழிக்கப்படுமென அரசு அறிவித்தது. தகுதியுடைய மாணவரைச் சேர் ஜோன் கொத்தலாவல பாதுகாப்புப் பல்கலைக்கழகத்தில் சேர்ப்பதற்கான சிறப்பேற்பாடுகள் சட்டம் 2018 இல் நிறைவேறிற்று.

கட்டணஞ் செலுத்திக் கற்ற இளைஞரைக் குற்றவாளிகளாக்குவது முறையன்று. அரசு வர்த்தமானியில் அறிவித்ததை நம்பியே அவர்கள் சேர்ந்தனர். எனவே, நீதிமன்றம் அவர்களது உரிமையைக் காத்தமை விளங்கிக்கொள்ளத்தக்கதே. ஆயின் எழுத்தாணை வழக்கில் நீதிமன்றத்தின் முன் நிற்பவர் தனி மனிதர். அவரிலும் கூடிய புள்ளிகள் பெற்றும், அரச பீடத்தில் இடங்கிடையாது, கட்டணஞ் செலுத்தவும் வகையற்று நின்ற ஏழை மாணவர் அவ்வழக்கில் கட்சிக்காரர் அல்லர்.

'இடம்' என்னும் சொல்லின் கனத்தைத் தமிழ் வாசகருக்கு விளக்க வேண்டியதில்லை. 1971 இல் பேராதனை மருத்துவ பீடத்தில் நுழையச் சிங்கள மொழிமூல மாணவருக்கு 229 புள்ளிகளும் தமிழ் மொழிமூல மாணவருக்கு 250 புள்ளிகளும் வேண்டப்பட்டன. அத்தரப்படுத்தல் ஒரு தலைமுறையின் அரசியலையே மாற்றியது. அன்று இடத்தைத் தீர்மானிக்கும் அளவுகோல்களுள் ஒன்றாக மொழி புகுந்தது; தனியார் கல்லூரியிலோ பணம் புகுகிறது. இரண்டும் ஒன்றல்ல. ஆனால் பற்றாக்குறையை நீக்காது அதனைப் பங்கிடும் முறையை மாத்திரம் மாற்றுவது இரண்டுக்கும் பொதுவாகும்.

இவை யாவற்றிலும் அடிப்படையான உண்மை வேறொன்று. கட்டடத்தையும் கருவிகளையும் மூலதனத்தால் வாங்கலாம், விரிவுரையாளரையும் அமர்த்தலாம். ஆயின் மருத்துவக் கல்வியின் இன்றியமையாத உற்பத்திச் சாதனம் நோயாளர் நிறைந்த வைத்தியசாலை விடுதியாகும். சைற்றத்துக்குச் சொந்த வைத்தியசாலை இருந்தது. ஆயினும் பயிற்சிக்குப் போதிய நோயாளர் உளரா என்பதே ஓயாத சர்ச்சையாயிற்று. காசு கொடுத்துச் சிகிச்சை பெறுவோர் மாணவர் குழுவொன்று தம்மைச் சூழ்ந்து நின்று பரிசோதிப்பதை எளிதில் விரும்பார். இலவச சிகிச்சை நாடி அரச வைத்தியசாலைக்கு வரும் விவசாயியும் தோட்டத் தொழிலாளியுமே தம் உடலை மாணவரின் பாடநூலாக்குகின்றனர். தனியார் மருத்துவக் கல்வி தன் வளர்ச்சியின் ஏதோவொரு கட்டத்தில் பொது வைத்தியசாலையின் வாயிலை நாடுவது இதனாலேயே. இலாபம் தனியாருக்கு, நெருக்கடி பொதுமக்களுக்கு என்பதே இவ்வேற்பாட்டின் சாரமாகும்.

மாணவரை ஏற்ற பல்கலைக்கழகமும் பாதுகாப்பு அமைச்சின் கீழுள்ளது. கட்டணம் அறவிடும் கற்கைநெறிகளையும் நடத்துவது. அதற்கான புதிய சட்டமூலத்துக்கு எதிராக 2021 இல் மாணவரும் ஆசிரியரும் வீதியில் இறங்கியமை, 2018 இன் தீர்வு பிரச்சினையைத் தீர்க்கவில்லை என்பதற்குச் சான்று. மாணவர் ஓரிடத்திலிருந்து மற்றோரிடத்துக்கு மாற்றப்பட்டனர். கல்வி விற்பனைக்குரியதா என்ற வினா இருந்த இடத்திலேயே உள்ளது. அதற்கு விடைகாணும் பொறுப்பை நீதிமன்றத்திடம் விட்டுவிட இயலாது. தன் உடலால் மருத்துவரை உருவாக்கும் மக்களே அவ்விடையைக் கூறும் உரிமையுடையோராவர்.