ஆழ்கடலும் நகைச்சுவையும்

மெய்ப்பாடுகள் எட்டினுள் நகையை முதற்கண் வைத்தார் தொல்காப்பியனார். எள்ளல், இளமை, பேதைமை, மடமை என்னும் நான்கும் அதற்கு நிலைக்களனாம் என்றும் வகுத்தார். பிறனை எள்ளி நகைத்தல் எளிது. ஒருவனது பேதைமையைக் கண்டு நகைத்து, நகைத்தவாறே அவன்பால் இரக்கமும் கொள்ளச் செய்தல் அரிது. அவ்வரிய செயலை முயன்று முடித்த படக்காட்சி ஒன்றனை ஈண்டு விளக்கப் புகுகின்றோம். அஃது அமெரிக்க இயக்குநராகிய வெஸ் ஆண்டர்ஸன் 2004-ஆம் ஆண்டில் வெளியிட்ட 'தி லைஃப் அக்வாட்டிக் வித் ஸ்டீவ் ஜிஸ்ஸூ' என்பதாம்.

கதைத் தலைவன் ஸ்டீவ் ஜிஸ்ஸூ, கடலை ஆராய்ந்து அதனைப் படமாக்கிப் புகழ் பெற்றவன். இப்பொழுதோ புகழும் பொருளும் ஒருங்கே தேய்ந்த நிலையினன். பில் மர்ரே என்னும் நடிகர் இவ்வேடம் பூண்டுள்ளார். கடலினுள் படம் பிடிக்கையில் ஜிஸ்ஸூவின் ஆருயிர்த் தோழனை ஒரு பெருஞ்சுறா விழுங்கிவிடுகின்றது. அதற்கு 'ஜாகுவார் சுறா' என்று பெயரிட்டு, அதனைத் தேடிக் கொல்வதே தன் அடுத்த யாத்திரையின் நோக்கமென அவன் அவையறியக் கூறுகின்றான். அதனால் விஞ்ஞானத்துக்கு யாது பயன் என்று வினவப்படுகையில், பழிவாங்குதலே பயன் என்று விடையிறுக்கின்றான்.

இப்பாத்திரத்தின் மூலத்தை அறிந்தார்க்கே நகையின் நுட்பம் முழுதும் விளங்கும். பிரெஞ்சு நாட்டுக் கடலாராய்ச்சியாளர் ஜாக் இவ் கூஸ்தோ (1910-1997), எமில் கான்யான் என்னும் பொறிவல்லாருடன் கூடி, நீரினுள் மூச்சுவிட உதவும் 'அக்வாலங்' கருவியை 1943-இல் அமைத்தவர். 'கலிப்ஸோ' என்னும் கப்பலில் கடல் பல சென்று, கடலடி வாழ்வை உலகுக்குப் படங்களால் காட்டியவர். அவர் அணிந்த செந்நிறக் குல்லாயையே ஜிஸ்ஸூவின் மாலுமிகளும் அணிகின்றனர். ஜிஸ்ஸூவின் கப்பற்பெயர் 'பெலஃபாண்டே'. கலிப்ஸோ என்பது மேற்கிந்தியத் தீவுகளின் பாட்டு வகையொன்றன் பெயருமாம். அவ்வகைப் பாட்டுக்களால் புகழ்பெற்றவர் ஹாரி பெலஃபாண்டே. கப்பற்பெயரிலேயே ஒரு விகடம் ஒளிந்து கிடத்தல் காண்க. ஆயினும் இப்படம் கூஸ்தோவின் நினைவுக்கு உரிமை செய்யப்பட்டிருத்தலின், இஃது ஏளனமன்று, அன்பு கலந்த விளையாட்டே என்பது தெளிவாம்.

கூஸ்தோவும் லூயி மாலும் இயக்கிய 'மௌன உலகம்' என்ற படம் 1956-இல் கான் படவிழாவில் முதற்பரிசு பெற்றது. அதில் ஒரு காட்சி உண்டு. கப்பலின் அடியிற் சுழலும் விசிறியால் திமிங்கிலக் கன்று ஒன்று காயமுற, அதனை உண்ண வந்த சுறாக்களை மாலுமிகள் சினங்கொண்டு மேல்தளத்துக்கு இழுத்துக் கொல்கின்றனர். கன்றைக் காயப்படுத்தியது கப்பல். தண்டனை பெற்றவையோ சுறாக்கள்! பிற்காலத்தில் கூஸ்தோவே கடல்வாழ் உயிர்களின் பாதுகாப்புக்காக உலகெங்கும் வாதாடினார். அவரது நெடிய வாழ்நாளில் நிகழ்ந்த அம்மனமாற்றம், ஜிஸ்ஸூவிடம் ஒரே யாத்திரையில் நிகழ்கின்றதெனக் கொள்ளலாம்.

படத்தின் தோற்றமும் விந்தையே. பிளந்து வைத்த வீடுபோலக் கப்பலின் உட்புற அறைகள் யாவும் ஒருங்கே காட்டப்படுகின்றன. கடற்பிராணிகள் பலவும் ஹென்றி செலிக் என்பாரது பொம்மை அசைவுக் கலையால் ஆக்கப்பட்ட கற்பனைப் படைப்புக்கள். மாலுமியாக வரும் பிரேஸில் நாட்டுப் பாடகர் ஸெயு ஜோர்ஜி, டேவிட் போவியின் ஆங்கிலப் பாட்டுக்களைப் போர்த்துகீசிய மொழியில் பாடுகின்றார். ஆயின் இப்பொய்த் தோற்றத்தினூடே மெய்யான துயரம் புகுகின்றது. தன் மகனோ அல்லனோ என்று ஐயுற்றபடியே ஜிஸ்ஸூ அன்பு செலுத்திய நெட் என்னும் இளைஞன், ஹெலிகாப்டர் விபத்தில் இறந்துபடுகின்றான். கூஸ்தோவும் தம் புதல்வர் பிலீப்பை 1979-இல் விமான விபத்தில் இழந்தவரே. நகைக்கவோ அழவோ என்று காண்போரை மயங்கவைக்கும் இப்படம், சுமார் 5 கோடி டாலர் செலவில் ஆக்கப்பட்டும், திரையரங்குகளில் அம்முதலை மீட்கவில்லை.

முடிவில், சிறியதொரு நீர்மூழ்கியில் தோழரும் பகைவரும் நெருங்கி அமர்ந்திருக்க, ஜாகுவார் சுறா ஒளிவீசும் புள்ளிகளோடு அவர்தம் தலைமேல் நீந்துகின்றது. கொல்ல வந்தவன் கொல்லவில்லை. அதற்குத் தன்னை நினைவிருக்குமோ என்று கேட்டுக் கண்ணீர் விடுகின்றான். யோபின் புஸ்தகத்தில் கர்த்தர் லிவியாதானைச் சுட்டி மனிதனது சிறுமையை உணர்த்துதல் இவ்விடத்து நினைவுக்கு வரும். சுறா தன் இயல்பின்படி இரைகொண்டதேயன்றி, ஜிஸ்ஸூவிடம் பகை கொண்டதன்று என்னும் உண்மையை அவன் அப்பொழுதே காண்கின்றான்.

ஆராய்ச்சிசாலைகளிலும் நூலகங்களிலும் உண்மையைத் தேடும் மாணவர் யாவருக்கும் இதன்கண் ஒரு படிப்பினை உண்டு. தன் பெயரையும் தன் கோபத்தையும் முன்னிறுத்தித் தேடுவோன் தேடும் பொருளைத் தன் நிழலால் மறைத்துக்கொள்கின்றான். ஜிஸ்ஸூ தன் தோழனையும் நெட்டையும் இழந்த பின்னரே அந்நிழலினின்று விலகினான். நாம் அவனைக் கண்டு நகைத்தபொழுதே விலகக் கற்றுக்கொள்வோமாயின், அந்நகை வீண்போகாது.