அசல் எவ்வளவு, வட்டி எவ்வளவு?

இரு புள்ளிகள் தெரிந்தால் கோடு கையில் வந்துவிடும் என்று போன வாரம் பார்த்தோம். இந்த வாரம் அந்தப் புள்ளிகளைக் காரைக்குடி செக்காலைக்குக் கொண்டுவருவோம். கொடுக்கல் வாங்கலில் ஊறிய ஊர். இங்கே 'ஒரு வட்டி' என்றால் நூற்றுக்கு மாதம் ஒரு ரூபாய். ஆண்டுக்கு 12 சதவீதம் என்று வங்கிக்காரர் பாணியில் சொன்னால்தான் யோசிப்பார்கள்.

ஒருவர் கைமாற்று வாங்கியிருக்கிறார் என்று வைத்துக்கொள்வோம். சீட்டு தொலைந்துபோயிற்று. 4ஆம் மாத முடிவில் பாக்கி 20,800 ரூபாய், 9ஆம் மாத முடிவில் 21,800. இது மட்டும் நினைவிருக்கிறது. நடுவில் எதுவும் கட்டவில்லை. வட்டிக்கு வட்டியும் கிடையாது. 5 மாதத்தில் 1,000 ஏறியிருப்பதால் மாதத்துக்கு 200. பாக்கியை 'க', மாதத்தை 'மா' என்று எழுதினால்:

க − 20,800 = 200(மா − 4)

புள்ளி-சாய்வு வடிவம். பிழையில்லை, ஆனால் அசல் எவ்வளவு என்று கேட்டால் வாய் திறக்காது. அடைப்பை விரித்து 20,800ஐ அந்தப் பக்கம் தள்ளுங்கள்:

க = 200மா + 20,000

அசல் 20,000, ஒரு வட்டி. தொலைந்த சீட்டில் இருந்த இரண்டும் வந்துவிட்டன. சாய்வு-வெட்டுத்துண்டு வடிவம்தான் வட்டிக்கடைக்காரரின் மனக்கணக்கு என்பேன்.

பத்தாம் வகுப்பில் இதையே வெட்டுத்துண்டு வடிவத்துக்கு மாற்றச் சொல்வார்கள்:

மா/(−100) + க/20,000 = 1

பிள்ளைகள் மாற்றிவிடுவார்கள், மதிப்பெண்ணும் விழும். அந்த −100 மாதம் என்ன என்று யாரும் கேட்பதில்லை. கடன் வாங்குவதற்கு முந்தைய மாதங்களா? கோட்டைப் பின்னோக்கி நீட்டினால் 100 மாதம் முன்னால் பாக்கி பூஜ்யத்தைத் தொடுகிறது. அதாவது மாதம் 200 வீதம் 20,000 சேர 100 மாதம் வேண்டும். அதே 100 மாதம் முன்னோக்கிப் போனால் வட்டி அசலுக்குச் சமமாகிவிடும், கடன் இரட்டிக்கும். 8 ஆண்டு 4 மாதம். அசல் இருபதாயிரமோ இருபது லட்சமோ, ஒரு வட்டிக்கு இதுதான் கெடு. இரண்டு வட்டி என்றால் 50 மாதம்.

இந்த இரட்டிப்பு ஒரு காலத்தில் சட்டத்திலேயே ஏறியது. ராஜாஜி அமைச்சரவை 1938இல் கொண்டுவந்த சென்னை விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டப்படி, 1932 அக்டோபர் 1க்கு முன் வாங்கிய கடனுக்கு ஒரு விவசாயி வட்டியாகவோ அசலாகவோ மொத்தம் அசலின் இரு மடங்கைச் செலுத்தியிருந்தால் கடன் அத்தோடு தீர்ந்தது. கடன் கொடுத்த செட்டிநாட்டு வீடுகளில் இந்தச் செய்தி எப்படி இறங்கியிருக்கும் என்று சொல்ல வேண்டியதில்லை.

நம் கணக்கில் அவர் மாதந்தோறும் வட்டியை மட்டும் தவறாமல் கட்டியிருந்தால், செலுத்திய தொகை செ = 200மா. 40,000 ஆக 200 மாதம். இந்தக் கோட்டை வெட்டுத்துண்டு வடிவத்தில் எழுதிப் பாருங்கள். முடியாது. ஆதிப்புள்ளி வழியே போவதால் இரண்டு வெட்டுத்துண்டும் பூஜ்யம். பூஜ்யத்தால் வகுக்கக் கணக்கு விடாது. செங்குத்துக் கோடு வந்தால் சாய்வு வடிவமும் இதேபோல் கைவிரிக்கும். எந்தக் கோட்டையும் திருப்பி அனுப்பாதது பொது வடிவம்தான்:

200மா − செ = 0

இதிலிருந்து சாய்வு எடுக்கும்போது முதல் கெழுவை இரண்டாவதால் வகுத்து, முன்னால் ஒரு கழித்தல் குறி போட வேண்டும்: −200/−1, அதாவது 200. தேர்வுத்தாளில் அதிகம் காணாமல் போவது அந்த முன்குறிதான்.

(தொடரும்)